மக்கள் நினைவும் வரலாற்று அறிவும்: பாஞ்சாலங்குறிச்சிச் சான்றுகளின் வழி ஓர் ஆய்வு

முன்னுரை

கடந்த காலத்தைப் பற்றி ஒரு சமூகம் கொண்டுள்ள அறிவு முழுவதும் ஆவணங்களிலிருந்து பெறப்பட்டதன்று. அதன் பெரும்பகுதி பாட்டாகவும் கூத்தாகவும் வழிபாடாகவும் பழமொழியாகவும் இடப்பெயராகவும் தலைமுறை தலைமுறையாகக் கைமாறி வந்ததாகும். இவ்வாறு கைமாறி வந்ததை நினைவு எனவும், சான்றுகளைச் சோதித்து எழுதப்பட்டதை வரலாறு எனவும் பிரித்துக் காண்பது ஆய்வுலகில் வழக்கம். இப்பிரிவினை வசதியானது, எனினும் முழுமையானதன்று. ஆவணமும் எவரோ ஒருவரால், ஏதோ ஒரு தேவை கருதி எழுதி வைக்கப்பட்ட நினைவே. மக்கள் நினைவும் தன்னளவில் ஓர் ஆவணமாதற்குரியது. ஆயின், ஆவணத்துக்குரிய சோதனைகளை நினைவுக்கும் பொருத்திப் பார்ப்பது எங்ஙனம் என்பதே வினா.

இவ்வினாவைப் பாஞ்சாலங்குறிச்சிப் பாளையக்காரர் வீரபாண்டியக் கட்டபொம்மன் வரலாற்றை முன்வைத்து ஆராய இக்கட்டுரை முற்படுகிறது. 1799-இல் தூக்கிலிடப்பட்ட ஒரு பாளையக்காரரைப் பற்றிக் கும்பினியாரின் கடிதங்கள், போர்வீரரின் நினைவுக்குறிப்பு, மறைப்பணியாளர் எழுதிய மாவட்ட வரலாறு, நாட்டார் கதைப்பாடல், எதிர்த்தரப்புப் பாளையத்தின் வமிச வரலாறு, மேடை நாடகம், திரைப்படம், அரசு நினைவுச் சின்னம் எனப் பலவகைச் சான்றுகள் நமக்குக் கிடைக்கின்றன. நினைவு எங்கே பிறந்தது, எங்கே திரிந்தது, எவ்விடத்தில் ஆவணத்தையும் வழிநடத்தியது என்பதைக் காண இவை பெரிதும் துணைபுரிகின்றன.

நினைவு பற்றிய கருத்தாக்கங்கள்

நினைவைத் தனிமனித உளத்தின் செயலாக மட்டும் கருதிவந்த நிலையை மாற்றியவர் பிரெஞ்சுச் சமூகவியலாளர் மோரிஸ் ஹால்ப்வாக்ஸ். 1925-இல் வெளிவந்த அவரது நூல், மனிதர் தாம் சார்ந்த குழுக்களின் சட்டகத்துக்குள் நின்றே நினைவுகூர்கின்றனர் என்பதை நிறுவ முயன்றது. குடும்பம், சமயம், தொழில், ஊர் ஆகியன எதை நினைக்க வேண்டும், எதை விட்டுவிடலாம் என்பதை வரையறுக்கின்றன. நிகழ்காலத் தேவைகளுக்கேற்பக் கடந்த காலம் மீண்டும் மீண்டும் கட்டமைக்கப்படுகிறது என்பது அவர்தம் கருத்தின் சாரம்.

இக்கருத்தைக் கள ஆய்வின்வழி மேலும் கொண்டுசென்றவர் இத்தாலிய ஆய்வாளர் அலெசாந்த்ரோ போர்த்தெல்லி. தெர்னி என்னும் தொழில்நகரில் லுயிஜி த்ராஸ்துல்லி என்னும் உருக்காலைத் தொழிலாளி 1949 மார்ச் 17 அன்று காவலரால் கொல்லப்பட்டார். இத்தாலி நேட்டோ கூட்டமைப்பில் சேர்வதை எதிர்த்து நடந்த ஆர்ப்பாட்டத்தின்போது நிகழ்ந்த சாவு அது. ஆனால் அந்நகரத் தொழிலாளர் பலர், 1953-இல் பெருமளவு ஆட்குறைப்பை எதிர்த்து நடந்த போராட்டத்திலேயே அவர் இறந்ததாக நினைவுகூர்ந்தனர். இப்பிழையைப் போர்த்தெல்லி ஒதுக்கிவிடவில்லை. தம் தோழரின் சாவுக்குத் தக்க பொருள் வேண்டும் என்ற உணர்வே அதனைத் தம் வாழ்வின் பெரும் போராட்டத்துக்கு நகர்த்தியது என அவர் விளக்கினார். பிழையே சான்றாயிற்று.

இந்திய வரலாற்றெழுத்தில் ஷாகித் அமீன் 1995-இல் வெளியிட்ட சௌரி சௌரா பற்றிய நூல் இவ்வகையில் குறிப்பிடத்தக்கது. 1922 பிப்ரவரி 4 அன்று காவல்நிலையம் எரிக்கப்பட்ட நிகழ்ச்சியை நீதிமன்ற ஆவணங்கள் ஒருவகையாகவும், தேசிய இயக்க எழுத்துகள் வேறுவகையாகவும், உள்ளூர் மக்களின் நினைவு மற்றொரு வகையாகவும் வைத்திருந்ததை அவர் அருகருகே நிறுத்திக் காட்டினார்.

இவ்வாய்வுகள் ஒரு நெறியைச் சுட்டுகின்றன. நினைவு சொல்லும் செய்தி நிகழ்ந்ததா இல்லையா என்று கேட்பதோடு, அந்நினைவு எப்போது அவ்வடிவம் பெற்றது என்றும் கேட்க வேண்டும். நிகழ்ச்சிக்குக் காலம் குறிப்பதுபோல் நினைவுக்கும் காலம் குறிக்க வேண்டும் என்பதே இக்கட்டுரை வலியுறுத்தும் கருத்தாகும்.

ஆணையிடப்பட்ட மறதி

1799 மே மாதம் சீரங்கப்பட்டணம் வீழ்ந்து திப்பு சுல்தான் மாண்டபின், கும்பினிப் படைகளுக்குத் தெற்கே திரும்ப வாய்ப்புக் கிட்டியது. அவ்வாண்டு செப்டம்பர் 5 அன்று மேஜர் பானர்மேன் தலைமையிலான படை பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையைத் தாக்கியது. கோட்டையை விட்டு வெளியேறிய கட்டபொம்மன் புதுக்கோட்டைத் தொண்டைமானின் ஆட்களால் பிடிக்கப்பட்டுக் கும்பினியாரிடம் ஒப்படைக்கப்பட்டார். அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் பிற பாளையக்காரர்களின் முன்னிலையில் விசாரணை என்ற பெயரில் ஒரு நிகழ்ச்சி நடத்தப்பெற்று, அவர் தூக்கிலிடப்பட்டார்.

பாளையக்காரர்களை வரவழைத்துக் காண வைத்தமை இங்குக் கருதத்தக்கது. ஒருவரைக் கொல்வதற்கு இத்தனை பேர் பார்வையாளராக வேண்டியதில்லை. பார்ப்பவர் நினைவில் அச்சம் நிலைக்க வேண்டும் என்பதே நோக்கம். ஆகவே கயத்தாற்று நிகழ்ச்சி தொடக்கத்திலேயே நினைவை உருவாக்கும் செயலாகத் திட்டமிடப்பட்டது எனலாம்.

1801-இல் இதற்கு நேர்மாறான செயல் நிகழ்ந்தது. பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து அவ்வாண்டு பிப்ரவரி 2 அன்று தப்பிய கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரையும் அவர்தம் துணைவரும், இடிக்கப்பட்ட கோட்டையைச் சில நாள்களிலேயே மீண்டும் எழுப்பினர். கும்பினிப் படையின் முதல் தாக்குதல்கள் முறியடிக்கப்பட்டன. மே 24 அன்றுதான் கர்னல் அக்னியூவின் படை கோட்டையைக் கைப்பற்றியது. அதன்பின் கோட்டை தரைமட்டமாக்கப்பட்டது. அவ்விடம் உழப்பட்டு ஆமணக்கு விதைக்கப்பட்டது. பாஞ்சாலங்குறிச்சி என்னும் பெயரே மாவட்டப் பதிவேடுகளிலிருந்து நீக்கப்பட்டது. நவம்பர் 16 அன்று ஊமைத்துரை அங்கேயே தூக்கிலிடப்பட்டார்.

1799-இல் நினைவில் வைத்திருக்குமாறு ஆணையிட்ட அதிகாரம், 1801-இல் மறக்குமாறு ஆணையிட்டது. இரண்டு ஆணைகளும் எதிர்பார்த்த பயனைத் தரவில்லை. அச்சத்துக்காகக் காட்டப்பட்ட சாவு வீரத்தின் காட்சியாக நிலைத்தது. ஏட்டிலிருந்து நீக்கப்பட்ட ஊர்ப்பெயர் பாட்டில் நிலைபெற்றது. அவ்வூர்ச் சக்கதேவி கோயில் வழிபாடும் ஊரின் நினைவைச் சுமந்து நின்றது. கோட்டைக்கு அருகில் கும்பினிப் படையினரின் கல்லறைகள் இன்றும் உள்ளன. வென்றவர் தம் நினைவைக் கல்லில் வைத்தனர்; தோற்றவர் நினைவுக்கு நாவும் வழிபாடுமே இடமாயின.

எதிரியின் ஏட்டில் மக்கள் நினைவு

ஆவணம் ஒருபுறம், வாய்மொழி மறுபுறம் எனப் பிரிப்போர் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. கட்டபொம்மனின் இறுதி வேளையைப் பற்றி நமக்குள்ள மிக விரிவான குறிப்பைத் தருபவர் அவரைத் தூக்கிலிட்ட பானர்மேனே ஆவார். சென்னை அரசுக்கு அவர் எழுதிய கடிதத்தைக் கால்டுவெல் 1881-இல் வெளியிட்ட திருநெல்வேலி வரலாற்றில் எடுத்தாண்டுள்ளார். விசாரணையின்போது கட்டபொம்மன் அஞ்சாமலும் பெருமிதத்தோடும் நின்றார் என்றும், தூக்குமரத்தை நோக்கி உறுதியாக நடந்தார் என்றும், இருபுறமும் நின்ற பாளையக்காரர்களை இகழ்ச்சியோடு நோக்கினார் என்றும் அக்கடிதம் கூறுகிறது. வாய்பேச இயலாத தம்பியைப் பற்றி மட்டுமே அவர் கவலை கொண்டதாகவும், கோட்டையைக் காத்து அங்கேயே மடிந்திருக்கலாம் என்று வருந்தியதாகவும் தமக்குச் சொல்லப்பட்டது எனப் பானர்மேன் எழுதுகிறார்.

இக்கடிதத்தின் அமைப்பு நுணுகி நோக்கத்தக்கது. நடையையும் பார்வையையும் அதிகாரி தம் கூற்றாகவே எழுதுகிறார். தம்பியைப் பற்றிய கவலையையும் கோட்டையைப் பற்றிய வருத்தத்தையும் பிறர் சொல்லக் கேட்டதாகக் குறிக்கிறார். அப்பிறர் யாவர்? உடன்சென்ற காவலராகவோ கூடியிருந்த உள்ளூர் மக்களாகவோ இருத்தல் வேண்டும். எனின், சாவு நிகழ்ந்த மறுநாளுக்குள்ளாகவே அதனைப் பற்றிய மக்கள் கூற்று உருவாகி, ஆங்கில அதிகாரியின் கடிதத்துக்குள்ளும் புகுந்துவிட்டது. நாம் ஆவணம் என்று போற்றும் கடிதத்தின் மிகச் செறிவான வரிகள் வாய்மொழியிலிருந்து வந்தவை.

1801 போரில் பங்குகொண்ட ஜேம்ஸ் வெல்ஷ் 1830-இல் வெளியிட்ட இராணுவ நினைவுக்குறிப்பும் இத்தகையதே. ஊமைத்துரையைத் தாம் அறிந்த வியத்தகு மனிதர்களுள் ஒருவராக அவர் வருணிக்கிறார். வைக்கோல் துணுக்குகளை உள்ளங்கையில் அடுக்கி, அவற்றை ஆங்கிலப் படையாகக் காட்டி, மறுகையால் துடைத்தெறிந்து தம் கருத்தை அவர் உணர்த்துவார் என்கிறார். கோட்டை வீழ்ந்தபின் தன் மகனைத் தேடிப் போர்க்களம் சென்ற தாய் ஒருத்தியின் செய்தியும் அந்நூலில் உள்ளது. உயிர் பிரியும் நிலையிலிருந்த மகன், தன்னை விட்டுவிட்டு அருகே காயமுற்றுக் கிடக்கும் சாமியைக் காப்பாற்றுமாறு வேண்டுகிறான். அவள் ஊமைத்துரையைத் தூக்கிச் சென்று வீட்டில் வைக்கிறாள். தேடி வந்தவர்களிடம் அம்மை கண்டு இறந்த பிள்ளை என்று சொல்லி அழுது திருப்பி அனுப்புகிறார்கள்.

வெல்ஷ் இதனை நேரில் கண்டிருக்க இயலாது, பின்னர்க் கேட்டறிந்ததே. தோற்ற தரப்பின் எளிய குடும்பமொன்று போற்றிய நினைவு, வென்ற தரப்பின் படைவீரர் நூலில் இடம்பெற்று நமக்குக் கிடைத்திருக்கிறது. நினைவு தரப்புகளைக் கடந்து பயணம் செய்கிறது என்பதற்கு இது தக்க சான்றாகும்.

வரிப்பாக்கியும் உரிமை வினாவும்

இனி, நினைவும் ஆவணமும் முரண்படும் இடமொன்றைக் காண்போம். கட்டபொம்மன் கும்பினிக்கு வரி செலுத்த அடியோடு மறுத்தார், மறுப்பதற்கான காரணத்தை ஆட்சியர் ஜாக்சனின் முகத்துக்கு நேரே முழங்கினார் என்பது இன்று பெரும்பான்மையோர் கொண்டுள்ள செய்தி. ஆவணங்கள் வேறொரு படத்தைத் தருகின்றன. 1798-இல் அவர் செலுத்த வேண்டிய பாக்கி 3310 பகோடா. அவ்வாண்டு செப்டம்பரில் இராமநாதபுரத்தில் ஜாக்சனைச் சந்தித்துக் கணக்குச் சரிபார்க்கப்பட்டபோது எஞ்சியிருந்த பாக்கி 1080 பகோடா மட்டுமே. அதாவது அவர் பெரும்பகுதியைச் செலுத்தியிருந்தார்.

அச்சந்திப்புக்கு முன் ஊர் ஊராக அலைக்கழிக்கப்பட்டமையும், சந்திப்பில் நெடுநேரம் நிற்க வைக்கப்பட்டமையும், வெளியேறும்போது ஏற்பட்ட கைகலப்பில் லெப்டினன்ட் கிளார்க் கொல்லப்பட்டமையும், அமைச்சர் சிவசுப்பிரமணிய பிள்ளை சிறைப்பட்டமையும் ஆவணங்களில் உள்ளன. கட்டபொம்மன் சென்னை அரசிடம் முறையிட்டார். விசாரணைக் குழு அமைக்கப்பட்டது. குழு ஜாக்சனின் நடத்தையில் குறை கண்டது; அவர் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டு லூஷிங்டன் ஆட்சியரானார். சிவசுப்பிரமணிய பிள்ளையும் விடுவிக்கப்பட்டார். 1799 போரில் மீண்டும் பிடிபட்டு நாகலாபுரத்தில் தூக்கிலிடப்பட்டார்.

கும்பினி அமைப்பிடமே முறையிட்டு, ஓரளவு நீதியும் பெற்ற ஒருவரைப் பிற்கால நினைவு அறவே மறந்துவிட்டது. அவருடைய மனு மறைந்தது, முழக்கம் நிலைத்தது. இதனைப் பொய் என்று தள்ளிவிடுவது எளிது. ஆயின், இந்நினைவு எக்காலத்து வினாவுக்கு விடையாக எழுந்தது என்று நோக்கினால் தெளிவு பிறக்கும்.

பாளையக்காரர்களிடம் நேரடியாக வரி தண்டும் உரிமையைக் கும்பினி 1792 உடன்படிக்கையின்வழி ஆர்க்காட்டு நவாபிடமிருந்து பெற்றது. ஆள்வோர் ஒருவர், தண்டுவோர் மற்றொருவர் என்ற அக்காலக் குழப்பத்தில், யாருக்கு எவ்வளவு என்பதே பாளையக்காரரின் நடைமுறை வினா. 1801-க்குப் பின் நிலைமை மாறியது. கோட்டைகள் இடிக்கப்பட்டன, படைக்கலங்கள் பறிக்கப்பட்டன, 1803-இல் எஞ்சிய பாளையங்கள் நிலையான வரியுடைய ஜமீன்களாக்கப்பட்டன. பேரம் பேசுவதற்கே இடமில்லாத அமைப்பு நிலைபெற்றது. அவ்வமைப்பின்கீழ் வாழ்ந்த தலைமுறைகளுக்கு எழுந்த வினா எவ்வளவு என்பதன்று, எந்த உரிமையால் என்பதே. தாம் கேட்க இயலாத வினாவை அவர்கள் கட்டபொம்மனின் வாயில் வைத்தனர். விடுதலை இயக்கக் காலத்தில் வரிகொடா இயக்கங்கள் அவ்வினாவுக்குப் புதிய ஆற்றல் தந்தன.

எனவே, வரி மறுப்புப் பற்றிய நினைவு 1798-ஐப் பற்றிய சான்றாகக் கொள்ளத்தக்கதன்று. 1803-க்குப் பிந்திய காலத்தைப் பற்றியும் இருபதாம் நூற்றாண்டைப் பற்றியும் அது நம்பகமான சான்றாகும். தெர்னித் தொழிலாளர் தம் தோழரின் சாவை 1953-க்கு நகர்த்தியதுபோல், திருநெல்வேலி மக்கள் தம் வினாவை 1798-க்கு நகர்த்தினர்.

எட்டப்பன் என்னும் சொல்

நினைவின் தேர்வுமுறையை மிகத் தெளிவாகக் காட்டுவது ஒரு சொல்லின் வரலாறு. காட்டிக்கொடுப்பவன் என்னும் பொருளில் எட்டப்பன் என்ற சொல் தமிழில் பொதுப்பெயராகிவிட்டது. கட்டபொம்மனைப் பிடித்து ஒப்படைத்தவர் புதுக்கோட்டைத் தொண்டைமான் என்பதில் ஆவணங்களுக்கிடையே ஐயமில்லை. எட்டயபுரத்தார் கும்பினிக்குப் படையுதவி புரிந்தனர். பாஞ்சாலங்குறிச்சியோடு அவர்களுக்கு நெடுநாள் எல்லைப் பகை இருந்தது. பகையும் படையுதவியும் உண்மை. எனினும் பிடித்துக்கொடுத்த செயலுக்குரிய பழிச்சொல்லாகத் தொண்டைமான் பெயர் ஆகவில்லை. எட்டப்பன் பெயரே ஆயிற்று. இது எதனால்?

இதற்கு நிலத்தில் விடை தேடுவது பொருத்தமாகும். பறிமுதல் செய்யப்பட்ட பாஞ்சாலங்குறிச்சிப் பாளையத்தின் ஊர்கள் எட்டயபுரம், மணியாச்சி, மேல்மாந்தை உள்ளிட்ட பாளையங்களுக்குப் பகிர்ந்தளிக்கப்பட்டன. இவற்றுள் எட்டயபுரமே பெரியது. அதன் ஜமீன் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை நீடித்தது. பழைய பாளையத்து ஊர்களில் வாழ்ந்த குடிகள் தாம் அளந்த ஒவ்வொரு நெல்லிலும் 1799-இன் முடிவைக் கண்டனர். தொண்டைமானோ தொலைவில் இருந்தார். அவர் பெற்ற பயன் திருநெல்வேலிச் சீமையின் உழவர் கண்முன் நிற்கவில்லை. செயலைச் செய்தவரைவிடச் செயலின் பயனை நாள்தோறும் நுகர்ந்தவரே மக்கள் நினைவில் குற்றவாளியாயினர் எனக் கருதலாம். கதைப்பாடல்கள் வழங்கிய நிலப்பரப்பும் இதனோடு பொருந்துகிறது. பாடுவோரும் கேட்போரும் எட்டயபுரத்தின் அண்டை வீட்டார்.

இதே பெயருக்கு எட்டயபுரத்தார் வைத்திருந்த நினைவு முற்றிலும் வேறானது. அவ்வரசவழியின் முன்னோர் ஒருவர் மல்லன் ஒருவனைக் கொன்றபின், ஆதரவற்று நின்ற அவனுடைய தம்பியர் எண்மருக்குத் தந்தையாய் நின்று காத்தமையால் எட்டப்பன் என்னும் பெயர் வந்தது என்பது அவ்வழியினர் மரபு. சாமி தீட்சிதர் இயற்றி 1879-இல் வெளிவந்த வம்சமணி தீபிகை எட்டயபுர அரசவழியின் வரலாற்றைக் கூறும் நூலாகும். அந்நூலின் நடையைத் திருத்திப் புதுப்பித்து எழுதித் தர விரும்புவதாக, எட்டயபுரத்தில் பிறந்த பாரதியார் 1919-இல் மன்னருக்குக் கடிதம் எழுதினார். புகலிடம் தந்தவர் எனத் தொடங்கிய பெயர், காட்டிக்கொடுத்தவர் என முடிந்தது. முன்னையது அரண்மனையின் நினைவு. பின்னையது வயலின் நினைவு. இரண்டும் தத்தம் இடத்தில் நின்று உருவானவை. ஆயினும் அகராதியில் இடம்பெற்றது ஒன்று மட்டுமே. உமறுப் புலவரையும் முத்துசாமி தீட்சிதரையும் ஆதரித்த ஓர் அரசவழியின் ஐந்து நூற்றாண்டு வாழ்வு ஒரு வசைச்சொல்லில் அடங்கிப்போனது நினைவின் ஆற்றலையும் அதன் கொடுமையையும் ஒருங்கே காட்டுகிறது.

பெயரின் திரிபும் பங்கின் வினாவும்

நினைவுக்குக் காலம் குறிக்கப் பெயர் வடிவங்களும் உதவுகின்றன. கும்பினியாரின் கடிதங்கள் கட்டபொம்ம நாயக் என்னும் வடிவை ஒட்டி எழுதுகின்றன. நாட்டார் வழக்கில் கட்டபொம்மு என்பதே பெருவழக்கு. பேராசிரியர் நா. வானமாமலை பதிப்பித்து, மதுரைப் பல்கலைக்கழகம் 1970-களின் தொடக்கத்தில் வெளியிட்ட கதைப்பாடலும் அவ்வடிவையே தலைப்பில் கொண்டுள்ளது. தெலுங்கு பேசும் கம்பளத்தார் மரபில் வந்த ஒருவரின் பெயருக்கு அதுவே அணுக்கமான வடிவம். கட்டபொம்மன் என்ற னகர ஈற்று வடிவம் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் ம.பொ. சிவஞானம் போன்றோரின் எழுத்தாலும், சக்தி டி.கே. கிருஷ்ணசாமி எழுதிய நாடகத்தாலும், 1959-இல் பி.ஆர். பந்துலு இயக்கத்தில் சிவாஜி கணேசன் நடித்து வெளிவந்த திரைப்படத்தாலும் எங்கும் பரவியது. தமிழக எல்லைப் போராட்டமும் மொழிவழி மாநில அமைப்பும் நிகழ்ந்த ஆண்டுகள் அவை. அக்காலத் தமிழகம் தனக்கென ஒரு விடுதலை முன்னோடியைத் தேடியது. பெயரின் ஈறும் அத்தேடலுக்கு இசைந்தது. கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்ட இடத்தருகே, அவர் வேடம் தாங்கி நடித்தவரே நிலம் வாங்கிச் சிலை எழுப்பினார். பாஞ்சாலங்குறிச்சியில் தமிழக அரசு 1974-இல் நினைவுக் கோட்டை கட்டியது. ஆமணக்கு விதைத்த நிலத்துக்கு அருகில் எழுந்த அக்கோட்டை, மண்கோட்டையைப் பார்த்துக் கட்டியதன்று. மக்கள் மனத்திலிருந்த கோட்டையைப் பார்த்துக் கட்டியதாகும்.

இப்பெரும் நினைவுக்கு எதிர்வினையும் எழுந்தது. தமிழ்வாணன் கட்டபொம்மனைக் கொள்ளைக்காரன் என்று குறித்து நூல் எழுதினார். போற்றியோரும் தூற்றியோரும் ஒரு பிழையைப் பொதுவாகக் கொண்டனர். இரு சாராரும் பிற்கால அளவுகோல் ஒன்றால் பதினெட்டாம் நூற்றாண்டுப் பாளையக்காரரை அளந்தனர். அண்டைப் பாளையத்தில் புகுந்து கதிர் அறுப்பதும் காவல் வரி தண்டுவதும் அக்காலப் பாளைய அரசியலின் இயல்பான கூறுகள் என்பது இரு தரப்பிலும் மறக்கப்பட்டது.

ஒருவரை நினைவு உயர்த்தும்போது அவரருகே நின்றவர் நிழலில் மறைவதும் உண்டு. 1801 போர் 1799 போரைவிடப் பரப்பில் பெரியது. மருது சகோதரர்கள் அவ்வாண்டு ஜூன் 16 அன்று வெளியிட்ட அறிக்கை திருச்சிராப்பள்ளிக் கோட்டையிலும் திருவரங்கம் கோயில் மதிலிலும் ஒட்டப்பட்டது. கே. ராஜய்யன் 1971-இல் எழுதிய நூலில் இதனையே முதல் விடுதலைப் போர் எனக் குறித்தார். இருந்தும், பொதுமக்கள் நினைவில் நடுநாயகமாக நிற்பது 1799-இன் தூக்குமரமே.

கட்டபொம்மனின் படையில் நின்ற சுந்தரலிங்கத்தின் நிலை இன்னும் ஆழமான வினாவை எழுப்புகிறது. கும்பினியின் வெடிமருந்துக் கிடங்கில் பாய்ந்து தம் உயிரை ஈந்தவராக வாய்மொழி மரபு அவரைப் போற்றுகிறது. அவர் பிறந்த தேவேந்திரகுல மக்களிடையே அந்நினைவு செழித்தது. 1997-இல் தமிழக அரசு ஒரு போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயரைச் சூட்ட முற்பட்டபோது தென்மாவட்டங்களில் எதிர்ப்பும் சாதி மோதலும் மூண்டன; உயிர்கள் பலியாயின. முடிவில் மாவட்டங்களுக்கும் போக்குவரத்துக் கழகங்களுக்கும் சூட்டப்பட்டிருந்த தலைவர் பெயர்கள் அனைத்தையும் அரசு நீக்கியது. அதுவரை நெல்லை கட்டபொம்மன் மாவட்டம் என வழங்கியதும் திருநெல்வேலி மாவட்டமாயிற்று.

1801-இல் தண்டனைக்காக ஒரு பெயர் ஏடுகளிலிருந்து நீக்கப்பட்டது. 1997-இல் அமைதிக்காகப் பல பெயர்கள் நீக்கப்பட்டன. நோக்கங்கள் வேறானவை, இரண்டையும் ஒன்றாக எண்ணுதல் தகாது. ஆனால் ஒரே போரில் தோளோடு தோள் நின்றவர்களாகப் பாட்டு போற்றும் இருவரின் பெயர்கள், இரு நூற்றாண்டு கழித்து ஒரே பேருந்து நிலையத்தில் அருகருகே நிற்க இயலாமற்போனது என்பது வரலாற்று மாணவர் கடந்துசெல்லக்கூடிய செய்தியன்று. நினைவில் பங்கு கேட்பது வெறும் புகழுக்கான போட்டியன்று. இன்றைய ஊரில் நிமிர்ந்து நடப்பதற்கான உரிமையோடு அது பிணைந்துள்ளது.

முடிவுரை

மேற்கண்டவற்றிலிருந்து சில முடிவுகளை எட்டலாம்.

முதலாவது, நினைவும் ஆவணமும் தனித்தனி ஊற்றுகளிலிருந்து வருவன அல்ல. பானர்மேனின் கடிதத்திலும் வெல்ஷின் நூலிலும் மக்கள் கூற்று கலந்துள்ளது. கால்டுவெல்லின் நூல்வழி அவை மீண்டும் தமிழ் எழுத்துகளிலும் மேடையிலும் புகுந்தன. கிடைத்துள்ள ஒரு வடிவம் வாய்மொழியிலிருந்து ஏட்டுக்குச் சென்றதா, ஏட்டிலிருந்து வாய்மொழிக்குத் திரும்பியதா என்பதை ஆய்வாளர் முதற்கண் துணிதல் வேண்டும்.

இரண்டாவது, நினைவின் பிழைகள் தாறுமாறானவை அல்ல. வரி மறுப்பு, எட்டப்பன் பழி, பெயரின் ஈறு ஆகிய மூன்றிலும் திரிபு ஏதோ ஒரு காலத்தின் தேவையைப் பின்பற்றியே நிகழ்ந்துள்ளது. அக்காலத்தைக் கண்டறிந்தால் பிழை சான்றாக மாறும். கண்டறியாது பயன்படுத்தினால் சான்றும் பிழையாக முடியும்.

மூன்றாவது, கதைப்பாடலைத் தொகுப்போர் பாடலை மட்டும் எழுதிக்கொள்வது போதாது. பாடுவோர் யார், கேட்போர் யார், எவ்வூரில், எவ்விழாவில், எந்த ஆண்டில் பாடப்பட்டது, பாடகர் திரைப்படத்தைக் கண்டவரா என்னும் குறிப்புகளும் உடன் பதியப்படல் வேண்டும். 1959-க்குப் பின் பாடப்பட்ட எந்த வடிவமும் திரையின் சாயல் படாதது என்று கொள்வதற்கில்லை. பழைய சுவடிகளும் தொடக்கக்காலப் பதிப்புகளும் இவ்வகையில் பெருமதிப்புடையன. அவற்றை ஒப்பிட்டுக் கால அடுக்குகளைப் பிரித்துக் காட்டும் பணி தமிழ்த்துறைகளுக்கே உரியது. தமிழகத்துக்கு வெளியே உள்ள துறைகள் பிறமொழிக் கதைப்பாடல்களோடு இவற்றை ஒப்பிடும் வாய்ப்பையும் பெற்றுள்ளன.

நினைவை வரலாற்றின் பகையாகக் கொள்வோர், மக்கள் எதனைப் பொறுத்துக்கொள்ளவில்லை என்பதை அறியும் வழியை இழக்கின்றனர். நினைவையே வரலாறாகக் கொள்வோர், 1080 பகோடாக் கணக்கையும் சென்னைக்குச் சென்ற முறையீட்டையும் இழக்கின்றனர். அவற்றோடு, அஞ்சியும் பேரம் பேசியும் நம்பியும் ஏமாந்தும் இறுதியில் நிமிர்ந்து நடந்த ஒரு மனிதரையும் இழக்கின்றனர். கயத்தாற்றில் அன்று நின்றவர் சிலையைக் காட்டிலும் சிக்கலானவர். அவரைச் சிலையாக்கிய மக்களின் தேவையும் அவரைப் போலவே வரலாற்றுக்குரிய பொருளாகும். இரண்டையும் தனித்தனியே காலமறிந்து எழுதுவதே ஆய்வாளர் கடன்.